கிறிஸ்துமஸுக்கு ஐந்து ஷில்லிங் அபராதம்

டிசம்பர் பிறந்தால் அமெரிக்காவில் பல வீடுகளில் சர்க்கரை கொதிக்க ஆரம்பித்துவிடும். பால், வெண்ணெய், சாக்லேட் எல்லாம் சேர்த்துக் கிளறி, தட்டில் கொட்டி, துண்டு போட்டு, தகர டப்பாவில் அடுக்கி, சிவப்பு ரிப்பன் கட்டி, அண்டை வீடு, டீச்சர், தபால்காரர், ஆறு மாதமாகப் பேச்சுவார்த்தை இல்லாத நாத்தனார் என்று சகலருக்கும் கொடுத்தனுப்புவார்கள். பண்டத்தின் பெயர் ஃபட்ஜ். நம் பால்கோவாவுக்கு ஒன்றுவிட்ட தங்கை, கொஞ்சம் கறுப்பு. கேட்டால், காலங்காலமாக வருகிற குடும்ப வழக்கம் என்பார்கள். பாட்டி வரைக்கும் அது உண்மைதான். அந்தப் பாட்டிக்கும் பத்துத் தலைமுறை முந்தைய பாட்டி, பாஸ்டன் பக்கம் குடியிருந்து டிசம்பர் 25 அன்று இப்படி ஒரு காரியம் செய்திருந்தால், அரசாங்கத்துக்கு ஐந்து ஷில்லிங் தண்டம் அழுதிருப்பாள்.

அழ வைத்தவர்கள் பியூரிட்டன்கள். இங்கிலாந்தில் பக்தி போதவில்லை என்று கோபித்துக்கொண்டு கடல் தாண்டி மாசசூசெட்ஸ் வந்த கூட்டம். பைபிளில் இல்லாதது திருச்சபையிலும் இருக்கக் கூடாது என்பது கட்சிக் கொள்கை. இயேசு பிறந்தார் என்று பைபிளில் இருக்கிறது; டிசம்பர் 25 என்று இல்லை. ஆகவே பிறந்தநாள் கிடையாது, பலகாரம் கிடையாது, லீவும் கிடையாது. தேதி போடாத பத்திரம் செல்லாது என்று சப்-ரிஜிஸ்திரார் திருப்பி அனுப்புவாரே, அந்த நியாயம்.

இவர்களுக்கு முன்னால் மேஃப்ளவர் கப்பலில் வந்து பிளிமத்தில் இறங்கிய பில்கிரிம்கள் பங்காளி முறை. இதே கொள்கை, இன்னும் கொஞ்சம் முறுக்கு. 1620 டிசம்பர் 25 அன்று அவர்கள் செய்தது வீடு கட்ட ஆரம்பித்தது. பகல் முழுக்க வேலை. ராத்திரி கப்பல் மாஸ்டர் இரக்கப்பட்டுக் கொஞ்சம் பீர் ஊற்றினார். அவ்வளவுதான் பண்டிகை.

அடுத்த வருஷக் கதை இன்னும் ருசி. புதிதாகக் கப்பலில் வந்து சேர்ந்த சில வாலிபர்கள், "இன்றைக்கு வேலை செய்ய எங்கள் மனசாட்சி இடம் தரவில்லை" என்றார்கள். கவர்னர் வில்லியம் பிராட்ஃபோர்டுக்கு மனசாட்சி என்ற சொல்லில் மரியாதை அதிகம். சரி, விவரம் தெரிகிறவரை இருங்கள் என்று விட்டுவிட்டு மற்றவர்களைக் கூட்டிக்கொண்டு வேலைக்குப் போனார். மத்தியானம் திரும்பி வந்தால் மனசாட்சிக்காரர்கள் தெருவில் பந்து விளையாடிக்கொண்டிருக்கிறார்கள். விளையாட்டுச் சாமான்களைப் பிடுங்கினார். மற்றவர்கள் உழைக்கும்போது நீங்கள் விளையாட என் மனசாட்சி இடம் தரவில்லை என்றார். பக்தி என்றால் வீட்டுக்குள் உட்கார்ந்து பண்ணு, தெருவில் கும்மாளம் கூடாது என்பது தீர்ப்பு. இந்த ஒரு விஷயத்தில் பிராட்ஃபோர்டை எனக்குப் பிடிக்கிறது. பதில் சொல்வதற்காக அவர் மத்தியானம் வரை காத்திருந்திருக்கிறார்.

இப்படி வாய்வார்த்தையில் போய்க்கொண்டிருந்ததை 1659ல் பியூரிட்டன்கள் சட்டமாக்கினார்கள். மாசசூசெட்ஸ் பே காலனியில் கிறிஸ்துமஸ் என்று சொல்லி வேலைக்குப் போகாமல் இருந்தாலோ, விருந்து சமைத்தாலோ, வேறு எந்த விதத்தில் கொண்டாடினாலோ, தலா ஐந்து ஷில்லிங். இருபத்திரண்டு வருஷம் இந்தச் சட்டம் உயிரோடு இருந்தது. லண்டன் அரசாங்கம் கண்ணை உருட்டிய பிறகு 1681ல் எடுத்தார்கள். சட்டம் போனாலும் சுபாவம் போகவில்லை. சாமுவேல் சீவல் என்ற பாஸ்டன் நீதிபதி விடாமல் டைரி எழுதியவர். கிறிஸ்துமஸ் வந்தால், கடைகள் திறந்திருக்கின்றனவா, வண்டிகள் ஊருக்குள் வருகின்றனவா என்று பார்த்து, வந்தன, திறந்திருந்தன என்று நிம்மதியாகக் குறித்துவைப்பார். ஊரே மும்முரமாக வேலை செய்வதைப் பார்த்து அவர் தன்பாட்டுக்குக் கொண்டாடியிருக்கிறார் என்றுதான் சொல்ல வேண்டும்.

சரி, இவ்வளவு கறாரான ஆட்கள் சாக்லேட்டை என்ன செய்தார்கள்? குடித்தார்கள்.

மெக்சிகோவில் ஆஸ்டெக் பிரபுக்கள் மிளகாய் போட்டுக் கசப்பாகக் குடித்த பானம், ஸ்பெயின்காரர்கள் கையில் சர்க்கரை சேர்ந்து, ஐரோப்பா சுற்றி, 1670ல் பாஸ்டனுக்கு வந்துவிட்டது. அந்த வருஷம் டாரத்தி ஜோன்ஸ், ஜேன் பார்னார்ட் என்ற இரண்டு பெண்களுக்குக் காப்பியும் சாக்லேட்டும் விற்க ஊர் லைசென்ஸ் கொடுத்தது. கிறிஸ்துமஸ் தடை அமலில் இருந்த காலம்! பண்டிகைக்கு அபராதம், சாக்லேட்டுக்கு லைசென்ஸ். கொண்டாடாமல் குடித்தால் குற்றமில்லை.

கத்தோலிக்கர்கள் பக்கம் சாக்லேட் இவ்வளவு சமர்த்தாக நடந்துகொள்ளவில்லை. மெக்சிகோவின் சியாப்பாஸ் பக்கத்தில் சீமாட்டிகள் பூசை நடுவே வேலைக்காரிகளைக் கூப்பிட்டுச் சூடாகச் சாக்லேட் வாங்கிக் குடிப்பார்களாம். வயிறு தாங்காது, பூசை நீளம் என்று காரணம். பிஷப் தடை போட்டார். சீமாட்டிகள் வேறு கோயிலுக்குப் போய்விட்டார்கள். கொஞ்ச நாளில் பிஷப் செத்துப்போனார். அவர் குடித்த சாக்லேட்டில் யாரோ விஷம் வைத்துவிட்டார்கள் என்று ஊர் பேசிக்கொண்டது. இதை எழுதிவைத்த தாமஸ் கேஜ், சாமியாராக இருந்து பின்னால் கட்சி மாறிப் புராட்டஸ்டன்ட் ஆன இங்கிலீஷ்காரர். பழைய கட்சியைப் பற்றிக் கட்சி மாறியவர் சொல்வதில் பாதியைக் கழித்துக்கொள்வது நல்லது. மீதிப் பாதியே போதுமான அளவு பயங்கரம்.

பாஸ்டனுக்குத் திரும்புவோம். 1697 அக்டோபரில் ஒருநாள் காலை நம் சீவல், டார்செஸ்டர் என்ற பக்கத்து ஊரில் லெப்டினன்ட் கவர்னர் வில்லியம் ஸ்டௌட்டன் வீட்டுக்குப் போனார். டிபன்: மான் கறியும் சாக்லேட்டும். மாசசூசெட்ஸும் மெக்சிகோவும் உங்கள் மேசையில் சந்தித்துக்கொண்டன என்ற பொருளில் சீவல் ஒரு ஜோக் அடித்தார். அடித்ததோடு நிற்காமல் வீட்டுக்கு வந்து டைரியிலும் எழுதினார். சொந்த ஜோக்கைத் தானே ஆவணப்படுத்தும் ஆசாமிகள் எல்லா நூற்றாண்டிலும் இருக்கிறார்கள். கவர்னர் சிரித்தாரா என்று எழுதவில்லை.

சிரித்திருக்க மாட்டார். மேசையில் உட்கார்ந்திருந்த இந்த இரண்டு பேரும் ஐந்து வருஷத்துக்கு முன் மாசசூசெட்ஸின் சேலம் ஊரில் நடந்த சூனியக்காரி வழக்குகளில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து பத்தொன்பது பேரைத் தூக்குக்கு அனுப்பிய நீதிபதிகள். சீவல் 1697 ஜனவரியில்தான் கோயிலில் எல்லோர் முன்னாலும் எழுந்து நின்று, தன் மன்னிப்புக் கடிதத்தைப் பாதிரியார் வாசிக்கக் கேட்டுத் தலை குனிந்தவர். ஸ்டௌட்டன் கடைசிவரை வருத்தம் தெரிவிக்கவே இல்லை. பேய்க்கும் பண்டிகைக்கும் நடுங்கிய ஊரில் சாக்லேட் மட்டும் யார் சந்தேகத்திலும் சிக்காமல் தப்பித்தது. இத்தனைக்கும் மூன்றில் அதிக வசியம் உள்ளது அதுதான்.

அந்த டார்செஸ்டரை மறந்துவிடாதீர்கள். 1765 வாக்கில், அதே ஊரில் நெபான்செட் ஆற்றங்கரையில், ஜான் ஹன்னன் என்ற அயர்லாந்துக்காரர் தண்ணீர் விசையில் ஓடும் ஆலையில் கொக்கோ அரைக்க ஆரம்பித்தார். கையில் தொழில் இருந்தது, காசு இல்லை. காசு போட்டவர் ஹார்வர்டில் படித்த டாக்டர் ஜேம்ஸ் பேக்கர். சரக்கு நன்றாக இல்லாவிட்டால் பணம் வாபஸ் என்று லேபிளிலேயே அச்சடித்து விற்றார்கள். தேநீர் மேல் வரி போட்ட கோபத்தில் பாஸ்டன்காரர்கள் 1773ல் தேயிலையைத் தூக்கிக் கடலில் போட்டபோது, சாக்லேட் குடிப்பது தேசபக்தியாகவும் ஆகிவிட்டது. ஹன்னனுக்கு நல்ல காலம்.

வீட்டில் மட்டும் நல்ல காலம் இல்லை. கணவன் மனைவிக்குள் ஒத்துப்போகவில்லை என்பது ஊர்ப் பேச்சு. 1779ல், மேற்கிந்தியத் தீவுகளுக்குப் போய்க் கொக்கோக் கொட்டை வாங்கி வருகிறேன் என்று கப்பல் ஏறினார் ஹன்னன். திரும்பவே இல்லை. கடலில் போய்விட்டார் என்று ஒரு கட்சி. அயர்லாந்துக்குக் கம்பி நீட்டிவிட்டார் என்று இன்னொரு கட்சி. கொட்டை வாங்கப் போகிறேன் என்று கிளம்பும் கணவரைப் பெட்டியோடு அனுப்பக் கூடாது என்று டார்செஸ்டர் பெண்கள் தெரிந்துகொண்டிருப்பார்கள். மனைவி அதிகம் காத்திருக்கவில்லை. 1780ல் பாகத்தை டாக்டருக்கு விற்றுவிட்டார். டப்பாவில் பெயர் மாறியது: பேக்கர்ஸ் சாக்லேட். இன்றைக்கும் அமெரிக்கக் கடைகளில் அந்தப் பெயரில் சமையல் சாக்லேட் விற்கிறது.

இங்கே ஒரு நிமிஷம் சிரிப்பை நிறுத்த வேண்டியிருக்கிறது. அந்தக் கொக்கோவும், அதில் விழுந்த சர்க்கரையும் கரீபியன் தோட்டங்களில் அடிமைகள் உழைத்து வந்தவை. ஒரு நாள் விருந்து சாப்பிட்டால் ஆத்மா கெட்டுவிடும் என்று கணக்குப் பார்த்துத் தண்டம் வசூலித்தவர்கள், வருஷம் முழுக்கக் குடித்த கோப்பையில் இருந்த பாவத்துக்குக் கால் காசு வசூலித்ததில்லை. ஒருவர் மட்டும் விதிவிலக்கு. 1700ல் அடிமை வியாபாரத்தைக் கண்டித்து ஒரு சிறு நூல் எழுதி அச்சிட்டார். நம்ப மாட்டீர்கள், அதே ஜோக்கு நீதிபதி சீவல்தான்.

அடுத்த நூறு வருஷத்தில் ஐரோப்பாவில் நிறைய நடந்தது. 1828ல் வான் ஹௌட்டன் என்பவர் கொக்கோவிலிருந்து கொழுப்பைப் பிழிந்தெடுக்கும் பிரஸ்ஸுக்குக் காப்புரிமை வாங்கினார். 1847ல் இங்கிலாந்தின் ஃப்ரை கம்பெனி, கடித்துத் தின்கிற கட்டியாக சாக்லேட்டை வார்த்தது. டார்செஸ்டர் ஆலையில் 1852ல் சாமுவேல் ஜெர்மன் என்ற ஊழியர், கட்டியிலேயே சர்க்கரையைச் சேர்த்துவிட்டால் வீட்டுக்காரம்மாவுக்கு ஒரு வேலை மிச்சம் என்று யோசித்தார். இவரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், வெள்ளை மாளிகையில் மறுபடி வருவார்.

இதற்குள் கிறிஸ்துமஸும் பின்வாசல் வழியாக ஊருக்குள் வந்துவிட்டது. 1856ல் மாசசூசெட்ஸ் அதை அதிகாரபூர்வ விடுமுறையாக்கியது. இருபது வருஷம் கழித்து அமெரிக்காவுக்கே வாழ்த்து அட்டை அச்சடித்துத் தள்ளிய லூயி பிராங்கின் அச்சகம் இருந்தது டார்செஸ்டருக்கு அடுத்த ராக்ஸ்பரியில். அபராதம் போட்ட இடமே ஏஜென்சி எடுத்துக்கொண்டது.

பண்டிகை தயார், சாக்லேட் தயார். வீட்டில் மிட்டாய் கிளற ஒரு ஆள் வேண்டும். அந்த ஆள் சமையலறையிலிருந்து வரவில்லை. மகளிர் கல்லூரி விடுதியிலிருந்து வந்தாள்.

அதற்கும் பாஸ்டன்தான் முகூர்த்தம் வைத்தது. 1873ல் எட்வர்ட் கிளார்க் என்ற பாஸ்டன் டாக்டர், ஹார்வர்டில் பேராசிரியராக இருந்தவர், ஒரு புத்தகம் எழுதினார். பெண்கள் பையன்களுக்குச் சமமாக மண்டையை உடைத்துக்கொண்டு படித்தால் உடம்பின் சக்தியெல்லாம் மூளைக்குப் போய்விடும், கர்ப்பப்பை காய்ந்துவிடும் என்பது சாரம். உதாரணத்துக்கு நியூயார்க் மாகாணத்தின் வாசர் கல்லூரியில் படித்துச் சீரழிந்த ஒரு பெண்ணையும் காட்டினார். புத்தகம் பதிப்பு மேல் பதிப்பு கண்டது. பெண் படித்தால் கெடுதல் என்று சொல்லும் புத்தகத்தை யார் யாரெல்லாமோ படித்தார்கள்.

வாசர் கல்லூரி, மேத்யூ வாசர் என்ற பீர் ஆலை முதலாளி பணம் போட்டு 1861ல் நிறுவியது. பீர் காசில் கட்டிய விடுதி என்றாலும் ஒழுங்குமுறை கடுமை: ராத்திரி பத்து மணிக்குப் படுக்கைக்குப் போய்விட வேண்டும். போனார்கள். போய் ஸ்பிரிட் அடுப்பைப் பற்றவைத்தார்கள். அடுப்பு இல்லாதவர்கள் கேஸ் விளக்குச் சுடரையே அடுப்பாக்கினார்கள். சர்க்கரை, பால், வெண்ணெய், சாக்லேட், கூடவே நாலு தோழிகளும் வம்பும். டாக்டர் கிளார்க் பயந்தபடி சக்தி மூளைக்குப் போனதோ என்னவோ, சர்க்கரை நேராக ரத்தத்துக்குப் போனது.

சாட்சி இருக்கிறது. எமலின் பாட்டர்ஸ்பி ஹார்ட்ரிட்ஜ் என்ற வாசர் மாணவி, பின்னாளில் பள்ளிக்கூடமே நடத்தியவர், 1921ல் ஒரு கடிதத்தில் விவரமாக எழுதிவைத்திருக்கிறார். 1886ல் பள்ளித்தோழி ஒருத்தியின் உறவுக்காரர் பால்டிமோரில் கிளறிய ஃபட்ஜ் ராத்தல் 40 சென்ட்டுக்கு விற்றுக்கொண்டிருந்தது. ஹார்ட்ரிட்ஜ் செய்முறையை வாங்கிக்கொண்டு வந்து, 1888ல் கல்லூரி சீனியர்கள் நடத்திய ஏலத்துக்காக 30 ராத்தல் கிளறினார். கிட்டத்தட்ட பதின்மூன்றரை கிலோ! கை வலி பற்றிக் கடிதத்தில் புலம்பல் இல்லை. பெண்கள் பலவீனமான ஜாதி என்று எழுதிய டாக்டரைக் கூப்பிட்டு, அந்தக் கரண்டியைக் கையில் கொடுத்திருக்க வேண்டும்.

வாசரிலிருந்து சரக்கு மற்ற மகளிர் கல்லூரிகளுக்குப் பரவியது. மாசசூசெட்ஸின் ஸ்மித் கல்லூரிக்காரிகள் பழுப்புச் சர்க்கரையும் மொலாசஸும் சேர்த்தார்கள். வெல்லெஸ்லிக்காரிகள் மார்ஷ்மெலோவைப் போட்டார்கள். எது உசத்தி என்ற வாக்குவாதத்தில் பட்டங்களே வாங்கியிருக்கலாம். பேக்கர் கம்பெனி சும்மா இருக்குமா? 1909ல் போட்ட இலவச சமையல் புத்தகத்தில் மூன்று கல்லூரி ஃபட்ஜையும் வரிசையாக அச்சிட்டு, மூன்றிலும் எங்கள் சாக்லேட்டையே போடுங்கள் என்று முடித்துவிட்டது. ராத்திரி விடுதியில் திருட்டுத்தனமாகக் கிளறியது, புத்தகத்தில் ஏறியதும் குடும்பப் பண்டமாகி, டிசம்பர் ஆனால் பாட்டி கிளறும் பாரம்பரியமாகிவிட்டது.

ஃபட்ஜில் ஒரே தொல்லை, பதம். பாகு 112லிருந்து 115 டிகிரி செல்சியஸுக்குள், அதாவது குளிர்ந்த தண்ணீரில் ஒரு சொட்டு விட்டால் விரலில் மெத்தென்று உருளும் உருட்டுப் பதத்தில் இறக்க வேண்டும். இறக்கியதும் ஆற விட வேண்டும். இங்கேதான் முக்கால்வாசிப் பேர் கோட்டை விடுகிறார்கள். சூட்டோடு கிளறினால், சர்க்கரை அவசர அவசரமாகப் பெரிய பெரிய பரல்களாகப் பூத்து, வாயில் மணல் நறநறக்கும். தொடாமல் 43 டிகிரி வரை ஆறவிட்டு, அப்புறம் கை ஓயக் கிளறினால் கண்ணுக்குத் தெரியாத பொடிப் பரல்கள் லட்சக்கணக்கில் விழும். நாக்கில் வெண்ணெயாக வழுக்கும். ஆக, சும்மா இருக்க வேண்டிய நேரத்தில் சும்மா இருக்கவும், உழைக்க வேண்டிய நேரத்தில் உழைக்கவும் தெரிந்திருக்க வேண்டும். பிராட்ஃபோர்டுக்கு இது பிடித்திருக்கும்.

இந்தத் தொல்லைக்குக் குறுக்குவழி கண்டதும் மாசசூசெட்ஸ்தான். பாஸ்டனை ஒட்டிய சாமர்வில்லில் ஆர்ச்சிபால்ட் குவெரி என்பவர் மார்ஷ்மெலோவைக் குழைத்துக் க்ரீமாக்கி வீடு வீடாக விற்றார். முதல் உலகப் போரில் சர்க்கரைத் தட்டுப்பாடு, வியாபாரம் படுத்தது. செய்முறையை 500 டாலருக்கு டர்க்கி, மௌவர் என்ற இரண்டு முன்னாள் சிப்பாய்களுக்கு விற்றுவிட்டார். அவர்கள் 1920ல் ஆரம்பித்தது இன்றைக்கும் ஓடுகிற மார்ஷ்மெலோ ஃப்ளஃப். இந்தக் க்ரீமைப் பாகில் போட்டுவிட்டால் சர்க்கரை சுலபத்தில் பூக்காது. பதம் முன்னே பின்னே இருந்தாலும் மானம் போகாது. கை ஓயக் கிளறவும் வேண்டாம்.

இதை நாடறியச் செய்த புண்ணியம் மேமி ஐசன்ஹோவருக்கு. 1953லிருந்து 1961 வரை வெள்ளை மாளிகையின் எஜமானி. சமையல் இவருக்கு ஒத்துவராத சப்ஜெக்ட். அது வீட்டுக்காரர் டிபார்ட்மென்ட். இரண்டாம் உலகப் போரில் ஐரோப்பாவை மீட்ட ஜெனரல் ஐசன்ஹோவர், ரெண்டு நாள் பிடிக்கும் காய்கறி சூப் காய்ச்சுவதில் பெயர் எடுத்தவர். மேமி கைவசம் வைத்திருந்த உருப்படியான அயிட்டம் ஒரு ஃபட்ஜ். 'மில்லியன் டாலர் ஃபட்ஜ்' என்று பெயர் விழுந்தது. நாலரைக் கப் சர்க்கரை, ஒரு டப்பா எவாப்பரேட்டட் மில்க், சுமார் 680 கிராம் சாக்லேட், அதில் பாதி நம் டார்செஸ்டர் சாமுவேல் ஜெர்மனின் இனிப்புச் சாக்லேட், கூடவே மார்ஷ்மெலோ க்ரீமும் கொட்டைப் பருப்பும். பாகைக் கொதிக்க வைத்து எல்லாவற்றின் மேலும் ஊற்றிக் கரைய விட்டால் முடிந்தது. ஒரு குடும்பம் சாப்பிடக்கூடிய அளவு இல்லை, ஒரு பட்டாலியனுக்கான அளவு. ஜெனரல் வீட்டில் வேறு எப்படி அளப்பார்கள்?

மேமியுடையது ருசியாகத்தான் இருக்கும், மறுக்கவில்லை. ஆனால் அது பரீட்சைக்கு நோட்ஸ் வாங்கிப் பாஸ் செய்த கேஸ். என் ஓட்டு வாசர் விடுதிப் பெண்ணுக்கே: இரண்டு கப் சர்க்கரை, ஒரு கப் க்ரீம், 55 கிராம் இனிப்பில்லாத சாக்லேட், ஒரு மேசைக்கரண்டி வெண்ணெய். இந்த டிசம்பரில் கிளறிப் பார்க்க நினைப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள். ஒரு தெர்மாமீட்டர் வாங்கிக்கொள்ளுங்கள். இறக்கி வைத்த பாத்திரத்தை யார் வந்து கேட்டாலும் 43 டிகிரிக்கு முன்னால் தொட விடாதீர்கள். கெட்டியாகாமல் கூழாக நின்றுவிட்டால் கலங்க வேண்டாம். சூடு பண்ணி ஐஸ்கிரீம் மேல் ஊற்றுங்கள். ஹாட் ஃபட்ஜ் என்ற பெயரில் அமெரிக்காவில் அதைத் தனிக் காசு கொடுத்து வாங்கித் தின்கிறார்கள்.